ஒரே நெட்டாங்கில் இரண்டு கைலாயம்

ஜூன் 1, திருகோணமலை

கச்சான் காற்று பிடித்துவிட்டது. காலை ஏழு மணிக்கே கடற்கரை வீதியில் மண் பறக்கிறது. இந்த வெயிலில் கம்பளிக் கையுறைக்கும் காது மூடும் தொப்பிக்கும் விலை கேட்டுத் திரிந்தவர்கள் ஊரிலேயே நாங்கள் மட்டும்தான். நுவரெலியாவுக்குப் போகிறோம் என்று நினைத்த கடைக்காரர் மெல்லிய ஸ்வெட்டர் இரண்டை எடுத்துப் போட்டார். "கைலாயத்துக்குத் தம்பி" என்று அக்கா சொன்னதும், ஸ்வெட்டரை மடித்து வைத்துவிட்டுக் கும்பிட்டார்.

அக்கா, புத்தகக்கடை அண்ணை, அவருடைய மனைவி, உவர்மலைப் பக்கத்திலிருந்து இன்னும் சிலர், கடைசியாக நான். நான் நில அளவையாளனாக வேலை செய்து ஓய்வுபெற்றவன். பக்தியில் இந்தக் குழுவுக்கு நானே கடைசி ஆள். "உன்னைக் கூட்டிப் போவதே பாவம்" என்று அக்கா சொல்லிக்கொண்டிருக்கிறார். ஆனால் பணம் கட்டும் வரிசையில் என்னைத்தான் முன்னால் நிறுத்தினார்.

பயிற்சி என்று சொல்லி, பிரெட்ரிக் கோட்டை வாசலிலிருந்து கோணேசர் கோயில் வரை காலையில் ஏறி இறங்குகிறோம். கோட்டைக்குள் மேயும் புள்ளிமான்கள் எங்களைப் பார்த்துத் தலையைக்கூட நிமிர்த்துவதில்லை. கோயில் நிற்கும் சுவாமி மலையின் (கோணமலை என்றும் சொல்வோம்) உயரம் கடலுக்கு மேல் நூறு மீற்றர் சொச்சம். நாங்கள் தாண்டவேண்டிய கணவாய் 5,630 மீற்றர். இந்தப் பயிற்சியால் ஆன பயன், கோயில் வாசல் கடைகளில் எங்களுக்கு இளநீர் கடனுக்குக் கிடைக்கிறது.

எங்கள் ஊரைத் தெட்சண கைலாயம் என்று ஏன் சொல்கிறார்கள் என்பது இங்கே பிறந்த பிள்ளைகளுக்குத் தெரிந்த கதை. ஆதிசேடனுக்கும் வாயுவுக்கும் யார் பெரியவர் என்று போட்டி. ஆதிசேடன் மலையைச் சுற்றி இறுக்கிக்கொள்ள, வாயு ஊதிய ஊதலில் மூன்று சிகரங்கள் பெயர்ந்து பறந்தன. ஒன்று திருக்காளத்தியில் விழுந்தது, ஒன்று திருச்சிராப்பள்ளியில், மற்றது எங்கள் கடலோரத்தில். கச்சான் அடிக்கும் மாதத்தில் இந்தக் கதையை நம்புவது சுலபம்.

என்னை இழுப்பது வேறொன்று. வரைபடத்தை எடுத்துப் பாருங்கள். கோணேசர் கோயில் ஏறத்தாழ 81 பாகை 15 கலை கிழக்கு நெட்டாங்கில் இருக்கிறது. கைலாய மலை 81 பாகை 19 கலையில். கலை என்பது பாகையில் அறுபதில் ஒரு பங்கு. நான்கு கலை வித்தியாசம், தரையில் ஆறேழு கிலோமீற்றர். கோயில் வாசலில் நின்று நேர் வடக்கே ஒரு கோடு இழுத்தால், வங்கக் கடல், ஆந்திரக் கரை, கங்கைச் சமவெளி, இமயம் எல்லாவற்றையும் தாண்டி ஏறத்தாழ 2,490 கிலோமீற்றரில் அது கைலாயத்தின் மேற்குப் பள்ளத்தாக்கில் போய் நிற்கும். தெட்சண என்றால் தெற்கு. பழையவர்கள் எப்படி இவ்வளவு நேராகத் தெற்கு என்று சொன்னார்கள் என்று அண்ணை கேட்கிறார். தற்செயல் என்பது என் கட்சி. அவர் அதை ஏற்கவில்லை. இந்த வாதம் திபெத் வரை வரும்.

ஒரே நெட்டாங்கு என்றால் இரண்டு இடத்திலும் ஒரே நேரத்தில் உச்சி வேளை. அதனால் பெட்டிக்குள் ஒரு மீற்றர் அலுமினியக் கோலும் தூக்குக்குண்டும் வைத்திருக்கிறேன். இதே அளவுக் கோலொன்று மருமகளிடமும் இருக்கிறது. அவள் இங்கே கணித ஆசிரியை. அக்காவின் மகள்தான், ஆனால் கணக்கில் என்பக்கம்.

ஜூன் 4, காத்மண்டு

கொழும்பு இரவு பஸ், விமானம், ஹோட்டல். எழுத ஒன்றுமில்லை. சீன விசா குழுவுக்கு மொத்தமாக ஒரு தாளில் வரும்; அந்தத் தாளிலுள்ள வரிசைப்படியே எல்லையில் நிற்கவேண்டும். பதிவு செய்து தந்த முகவர் ஒருவரின் பெயரை எழுத்து மாற்றி அடித்துவிட்டார். அதைத் திருத்தும்வரை சும்மா இருக்கிறோம். பசுபதிநாதர் கோயிலுக்கு எல்லாரும் போய்வந்தார்கள். நான் மலையுயர நோய்க்கான டயமொக்ஸ் மாத்திரை வாங்கப் போனேன்.

ஜூன் 7, கேருங்

2015 நிலநடுக்கம் கோதாரிப் பாதையைக் குலைத்த பிறகு, நேபாளத்திலிருந்து தரைவழிப் போக்குவரத்து பெரும்பாலும் ரசுவாகடி எல்லை வழியாகத்தான். வழியெல்லாம் மண்சரிவின் தழும்பு. அக்கா பஸ்ஸில் கண்ணைத் திறக்கவில்லை, தேவாரத்தையும் நிறுத்தவில்லை.

பாலத்தைத் தாண்டியதும் கடிகாரத்தை இரண்டேகால் மணி நேரம் முன்னால் தள்ளவேண்டும். சீனா முழுவதற்கும் பெய்ஜிங் நேரம் ஒன்றுதான். நமக்கும் அவர்களுக்கும் இரண்டரை மணி நேர வித்தியாசம், நேபாளத்துக்கும் நமக்கும் கால் மணி. மேற்குத் திபெத்தில் இரவு ஒன்பது மணிக்கும் வெயில் நிற்கும் என்று வழிகாட்டி சொன்னார். திருகோணமலையில் ஆறரைக்கு விளக்கேற்றிப் பழகிய அண்ணையின் மனைவி, சந்தியா வந்தனத்துக்கு எந்த நேரத்தை எடுப்பது என்று உண்மையாகவே கவலைப்படுகிறார். சூரியனைப் பார்த்து எடுங்கள் என்றேன். முதல் தடவையாக என் பேச்சு எடுபட்டது.

கேருங் 2,800 மீற்றர் அளவில் பச்சையாக இருக்கிறது. நாளையிலிருந்து மரம் கிடையாது.

ஜூன் 9, சாகா

மரம் கிடையாது என்று கேட்பது வேறு, பார்ப்பது வேறு. மணி நேரக்கணக்கில் ஓடினாலும் பழுப்பு நிலம், நீல வானம், இடையில் வெள்ளைக் கோடாக இமயம். அது எங்களுக்குத் தெற்கே இருப்பதுதான் மனதுக்குப் பிடிபடவில்லை. இமயமலை வடக்கே இருக்கவேண்டும் என்று படித்த தலைமுறை நாங்கள்.

பெய்குத்சோ ஏரிக்கு அருகில் பஸ் நின்றது. ஏரிக்குப் பின்னால் சிசாபங்மா, 8,027 மீற்றர். எண்ணாயிரம் மீற்றரைத் தாண்டிய பதினான்கு சிகரங்களில் கடைசியாக, 1964 இல், மனிதர் ஏறியது இதில்தான். எங்கள் கைலாயம் 6,638 மீற்றர். அது இருக்கும் காங்டிஸ் மலைத்தொடரிலேயே அதைவிட உயர்ந்த சிகரங்கள் உண்டு. லுன்போ காங்ரி ஏழாயிரத்தைத் தாண்டும். உயரத்தில் கைலாயம் பெரிய ஆளில்லை என்று பஸ்ஸில் சொன்னதற்கு எனக்கு எள்ளுப்பாகு பங்கு நிறுத்தப்பட்டது.

சாகா 4,500 மீற்றர். தலைவலி. படி ஏறினால் நெஞ்சு அடிக்கிறது. சமையற்காரர் குக்கரில்தான் சோறு வைக்கிறார், ஏனென்றால் இந்த உயரத்தில் தண்ணீர் 85 பாகைக்கே கொதித்துவிடும். திறந்த பானையில் அரிசி வெந்து முடியாது. பிரிட்டிஷ் இந்திய நில அளவைத் துறைக்காக ரகசியமாக அளந்த நைன் சிங் ராவத் இதே தத்துவத்தை வைத்துத்தான் 1865-66 இல் திபெத்தின் உயரங்களைக் கணித்தார். தண்ணீரைக் கொதிக்க வைத்து வெப்பமானியைப் பார்ப்பார், பாகை குறையக் குறைய உயரம் கூடுகிறது என்று அர்த்தம். வெளியார் அளக்கத் தடை இருந்த காலம். யாத்திரிகர் வேடத்தில், கையில் செபமாலையோடு, லாசாவிலிருந்து மானசரோவர்ப் பக்கம் வரை காலடியை எண்ணியே நடந்தார். செபமாலையில் 108 மணி இருக்கவேண்டிய இடத்தில் நூறுதான். நூறு அடிக்கு ஒரு மணி தள்ளுவதற்கு வசதி. வேலைக்குச் சேர்ந்த காலத்தில் இந்தக் கதையைக் கேட்டுத்தான் என் தொழில் மீது எனக்கு மரியாதை வந்தது. அண்ணையின் கையிலுள்ள உருத்திராக்க மாலையை இன்று ஒரு மாதிரிப் பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் அதைச் சட்டைக்குள் போட்டுவிட்டார்.

ஜூன் 10, மானசரோவர்

ஏரி 4,590 மீற்றரில். சுற்றிவரக் கரை தெரிந்தாலும் எதிர்க்கரை மங்கல். பரப்பு 400 சதுர கிலோமீற்றருக்கு மேல். வடக்கே கைலாயம் முழுவதும் தெரிந்தது. எல்லாரும் விழுந்து கும்பிட்டார்கள். நானும் விழுந்தேன். எழும்பும்போது மூச்சு வாங்கியதில் அக்காதான் கையைப் பிடித்தார். குளிப்பதற்கு வழிகாட்டி வாளியில் அள்ளித் தந்தார், இறங்க விடவில்லை. அந்தத் தண்ணீரைப் பற்றி எழுத என்னிடம் ஒரே சொல்தான் இருக்கிறது: ஐயோ.

மேற்கே, ஒரு மேட்டுக்கு அப்பால், இராட்சச தால். இராவணன் தவம் செய்த ஏரி என்கிறார்கள். நம் ஊரில் இராவணன் வெட்டும், கன்னியாவில் அவன் தாயின் கிரியைக்காக எழுந்த வெந்நீர்க் கிணறுகளும் இருக்க, அவன் தவத்துக்கு இங்கே வந்திருக்கிறான் என்று அறிந்ததும் எங்கள் குழுவுக்கு உறவினர் வீட்டுக்கு வந்த உற்சாகம். மானசரோவர் நன்னீர், இது உப்பு. மட்டம் பதினைந்து மீற்றர் அளவு தாழ்வு. கங்கா சூ என்ற கால்வாய் இரண்டையும் இணைக்கிறது, ஆனால் அதில் எப்போதும் தண்ணீர் ஓடுவதில்லை.

எல்லாரும் வடக்கே பார்க்க, நான் தெற்கே திரும்பி இருந்தேன். அங்கே குர்லா மாந்தாதா, 7,694 மீற்றர், கைலாயத்தைவிட ஓராயிரம் மீற்றர் அதிகம், தோள் முழுக்கப் பனியாறு. 2006 இல் அதன் பனியாற்றில், 6,050 மீற்றர் உயரத்தில் ஆய்வாளர்கள் துளையிட்டுப் பனித்தண்டு எடுத்தார்கள். 1950களிலும் 60களின் தொடக்கத்திலும் நடந்த அணுகுண்டுச் சோதனைகளின் கதிரியக்கத் தூசு உலகமெங்கும் பனியில் ஒரு படையாகப் பதிந்திருக்கும். அந்தப் படையை வைத்துத்தான் பனியின் வயதை எண்ணுவார்கள். குர்லாவின் தண்டில் அந்தப் படையே இல்லை. அதற்குப் பிறகு விழுந்த பனி அவ்வளவும் உருகிப் போயிருக்கிறது என்று அர்த்தம். கீழிருந்து பார்க்கையில் வெள்ளை வெளேரென்று நிற்கிற மலைக்குக் கணக்கேட்டில் அரை நூற்றாண்டு வரவே இல்லை.

அக்கா கேட்டார்: "பனி இல்லாவிட்டால் இந்த ஏரிக்குத் தண்ணீர்?" மழையும் ஊற்றும் உண்டு என்று பாதி உண்மையைச் சொல்லி வைத்தேன்.

ஜூன் 12, திராபுக்

பரிக்கிரமம் தொடங்கியது. சுற்று 52 கிலோமீற்றர். திபெத்தியர் விடியுமுன் புறப்பட்டு ஒரே நாளில் முடிக்கிறார்கள். திபெத்தின் பழைய மதமான பொன் (Bon) மதத்தவர் இடப்புறமாகச் சுற்றி எங்களுக்கு எதிரே வருகிறார்கள். நாங்கள் தார்போச்சேயில், எமத்துவாரத்துக்குள் நுழைந்து நடந்தோம். திபெத்திய நான்காம் மாதப் பௌர்ணமியில் இங்குள்ள பெரிய கொடிமரத்தை இறக்கி, புதுக்கொடிகள் கட்டி மறுபடி நிறுத்துவார்கள். கொடிகளின் சாயம் இன்னும் வெளுக்கவில்லை.

லா சூ ஆற்றின் பள்ளத்தாக்கு. வலது கைப்பக்கம் கைலாயத்தின் மேற்கு முகம் செங்குத்தாக எழும்புகிறது. பனிக்கு இடையே பாறை படைபடையாக, கிட்டத்தட்டக் கிடையாக அடுக்கியிருப்பது வெறுங்கண்ணுக்குத் தெரியும். விழுந்து கிடந்த ஒரு துண்டைப் பார்த்தேன்: உருண்ட கூழாங்கற்கள் ஒன்றோடொன்று ஒட்டி இறுகியது. ஒரு காலத்தில் ஆறுகள் உருட்டிவந்து குவித்த கல். அக்கா பார்த்துவிட்டு, "கச்சான் அல்வா மாதிரி இருக்கிறது" என்றார், நிலக்கடலை அல்வாவை. இதைவிட நன்றாக எந்தப் பாடப்புத்தகமும் சொல்லாது.

ஏறத்தாழ இரண்டரைக் கோடி ஆண்டுக்கு முன் படிந்த ஆற்றுக்கல், பிறகு தூக்கப்பட்டு ஆறாயிரம் மீற்றருக்கு மேல் நிற்கிறது. நாலு பக்கமும் பள்ளத்தாக்கு அரித்துவிட்டதால் தனியாக நிற்கிறது. அந்தத் தனிமைதான் அதன் கம்பீரம். 1936 இல் ஔகுஸ்ட் கான்சர் என்ற சுவிஸ் புவியியலாளரும் யாத்திரிக வேடத்தில் இங்கே வந்தார். (இந்த மலைக்கு வேடம் போட்டு வந்தவர்களில் எங்கள் தொழில்காரர்தான் அதிகம் போலிருக்கிறது.) கைலாயத்துக்குத் தெற்கே பழைய கடலடிப் பாறையை அவர் கண்டார். இந்தியத் தட்டும் ஆசியாவும் மோதி ஒட்டிய தையல் அது. ஆகவே கைலாயம் ஆசியாவின் ஓரத்தில், கோணமலை இந்தியத் தட்டின் மேல். நடுவிலிருந்த கடலை மலை விழுங்கிவிட்டது. இன்னும் இமயத்தில் ஆண்டுக்கு 2 சென்ரிமீற்றர் அளவில் நெருக்கம் தொடர்கிறது.

கோணமலையின் உருமாறிய பாறை ஐம்பது கோடி ஆண்டுக்கும் மேல் பழையது. மகன் தகப்பனைவிட இருபது மடங்கு மூத்தவன். வாயு பெயர்த்த கதைக்கு இது ஒத்துவராது என்றேன். அண்ணை நடந்துகொண்டே யோசித்தார், மூச்சு வந்த பிறகு சொன்னார்: "அப்படியென்றால் நம்முடையதுதான் முதல் கைலாயம்." இதற்குப் பதில் சொல்ல எந்தக் கருவியும் நான் கொண்டுவரவில்லை.

இனிக் கோல். மருமகள் பாடசாலைப் பிள்ளைகளோடு சுவாமி மலையில். நான் ஆற்றோரத் தேநீர்க் கூடாரத்துக்கு வெளியே. நம் நேரம் 12 மணி 5 நிமிடம், இங்குள்ள கடிகாரத்தில் பிற்பகல் 2.35. தூக்குக்குண்டு காற்றில் ஆடியது. கூடாரத்துக்காரம்மா இது என்ன பூசை என்று பார்த்துவிட்டு, காற்றை மறைத்துத் தானே வந்து நின்றார். மொழி ஒன்றும் தேவைப்படவில்லை.

இங்கே ஒரு மீற்றர் கோலின் நிழல் வடக்கே விழுந்தது, 14 சென்ரிமீற்றர். அதே கணத்தில் கோணமலையில் நிழல் தெற்கே விழுந்தது, 26 சென்ரிமீற்றர். சித்திரைப் புத்தாண்டை ஒட்டி எங்கள் ஊர் உச்சிக்கு வந்த சூரியன் இப்போது வடக்கே ஏறிவிட்டது; கைலாயத்துக்கு அது எந்நாளும் தெற்கேதான். ஆகவே ஜூன் மாத உச்சி வேளையில் சூரியன் இரண்டு கைலாயத்துக்கும் நடுவில் நிற்கிறது. நிழல்கள் ஒன்றுக்கொன்று முதுகு காட்டுகின்றன.

14 சென்ரிமீற்றர் என்றால் சூரியன் உச்சியிலிருந்து 7.97 பாகை சாய்வு. 26 என்றால் 14.57. கூட்டினால் 22.54; பூமி உருண்டையில் இரண்டு கைலாயத்துக்கும் இடையிலுள்ள கோணம் அதுதான். முழு வட்டத்தில் இது பதினாறில் ஒன்றுக்கு மயிரிழை வித்தியாசம். கோணேசரிலிருந்து கைலாயம் வரை போனால், உலகத்தைச் சுற்றும் வழியில் பதினாறில் ஒரு பங்கு போயிருப்போம்! 2,490 கிலோமீற்றரை வைத்துப் பெருக்கினால் பூமியின் சுற்றளவு 39,770 கிலோமீற்றர் வருகிறது. துருவங்கள் வழியாக உண்மைச் சுற்றளவு 40,008.

தூரத்தை மட்டும் தொலைபேசி வரைபடத்திலிருந்து எடுத்தோம், நைன் சிங் மன்னிப்பாராக.

ஜூன் 13, சுதுல்புக்

நேற்று இரவு மருமகள் குறுஞ்செய்தி: "மாமா, 238 கிலோமீற்றர் எங்கே போனது?" பிள்ளைகள் கேட்கிறார்களாம். தலைவலியோடு படுத்துக்கொண்டு யோசித்தேன். சூரியன் ஒரு புள்ளியில்லை, அரைப் பாகை அகலமுள்ள வட்டு. அதனால் நிழலின் நுனி கிட்டத்தட்ட ஒரு சென்ரிமீற்றருக்கு மங்கும். நுனியை எங்கே வெட்டுவது என்பதில் ஒரு மில்லிமீற்றர் தவறினால் சுற்றளவில் நூறு கிலோமீற்றர் போய்விடும். எங்கள் கைப்பிசகு அவ்வளவுதான். மீதி நூற்றைம்பது சொச்சத்துக்குப் பூமிதான் பொறுப்பு. அது நடுவில் புடைத்திருப்பதால், பூமத்தியகோட்டை அண்டி ஒரு பாகை 110.6 கிலோமீற்றர், துருவத்தில் 111.7. நாங்கள் அளந்தது குட்டைப் பாகைப் பக்கம். இதை அனுப்பியதற்கு "சரி" என்று மட்டும் பதில். கணித ஆசிரியைகளைத் திருப்திப்படுத்துவது கடினம்.

காலையில் வடக்கு முகத்தைப் பார்த்தோம். அடியில் பனியாறு அழுக்குக் கலந்து நொறுங்கிக் கிடக்க, அதற்கு மேல் கறுத்த சுவர். இதில் யாரும் ஏறியதில்லை. 2001 இல் ஏற முயற்சி என்ற செய்திக்கு உலகம் முழுவதும் எதிர்ப்பு வந்து, அது நடக்கவில்லை. ஏறாமல் விட்டது நல்லது என்பதில் அண்ணைக்கும் எனக்கும் இந்தப் பயணத்திலேயே முதல் உடன்பாடு.

பிறகு திரோல்மா கணவாய். 5,630 மீற்றர். காற்றின் அழுத்தம் கடல்மட்டத்தில் இருப்பதில் பாதி. பத்து எட்டு, நிற்பது. பத்து எட்டு, நிற்பது. அக்கா மட்டக்குதிரையில் ஏற மறுத்துவிட்டார். உச்சியில் கொடிகளுக்கு நடுவில் உட்கார்ந்து பனங்கட்டியைக் கடித்துத் தண்ணீர் குடித்தோம். இவ்வளவுதான் எழுத முடியும். அங்கே இருந்தபோது என் மூளை வேலை செய்யவில்லை. கீழே கௌரி குண்டம் உறைந்தும் உறையாமலும் கிடந்தது. இறக்கம் முழங்காலைத் தின்றுவிட்டது.

ஜூன் 14, தார்ச்சென்

சுற்று முடிந்தது. மத்தியானம் ஹோட்டல் அறையில் சாக்ஸ் காயப்போட்டபடி அண்ணை பழைய வாதத்தை எடுத்தார். கைலாயத்திலிருந்து நம் ஊருக்கு எதுவுமே வரவில்லையா?

வந்திருக்கிறது. இந்த வட்டாரத்திலிருந்து சிந்து, சத்லஜ், பிரம்மபுத்திரா, கர்ணாலி என்று நான்கு ஆறுகள் நான்கு திசைக்குப் புறப்படுகின்றன. திபெத்தியர் அவற்றைச் சிங்கம், யானை, குதிரை, மயில் ஆகியவற்றின் வாயிலிருந்து வருவதாகச் சொல்வார்கள். கிழக்கே போகிற பிரம்மபுத்திராவும், தெற்கே போய்க் கங்கையில் சேரும் கர்ணாலியும் இமயத்து மண்ணை அள்ளிக்கொண்டு வங்காள விரிகுடாவில் கொட்டுகின்றன. கொட்டிய மண் கடலடியில் விசிறியாகப் பரந்து, இலங்கைக்குக் கிழக்கே நம்மையும் தாண்டித் தெற்கே போகிறது. 2015 இல் ஆய்வுக் கப்பலொன்று, எட்டுப் பாகை வடக்கு அகலாங்கில், அதாவது நம் ஊருக்குச் சற்றுத் தெற்கான கோட்டில், அந்த விசிறியைத் துளையிட்டு மண் எடுத்தது. கோயில் வாசலில் நின்று கிழக்கே பார்க்கிறோமே, அந்தக் கடலுக்கு அடியில் இமயம் படிந்து கிடக்கிறது.

அண்ணையின் முகம் மலர்ந்துவிட்டது. "அதுதானே! வாயு செய்யாவிட்டால் கங்கை செய்திருக்கிறது. கைலாயம் வந்துதான் இருக்கிறது."

இங்கே நான் வாயை மூடியிருக்கலாம். ஆனால் நாற்பது வருடம் எல்லைக்கல் நட்டவனுக்கு அது வராது. வந்தது குர்லா மாந்தாதாவின் தென்சரிவு மண், பிரம்மபுத்திராவின் ஊற்றுப் பக்கத்து மண். கைலாயத்தின் சொந்தப் பனி உருகும் லா சூ வேறு வழி. அது இராட்சச தாலில் விழுகிறது. அங்கிருந்து வெளியேறும் பழைய வழி சத்லஜ். சத்லஜ் சிந்துவில் சேரும்.

"சிந்து எங்கே போகிறது?" என்று அக்கா கேட்டார்.

"கராச்சிப் பக்கம், அரபிக் கடலுக்கு."

அறையில் கொஞ்ச நேரம் பேச்சில்லை. பிறகு அக்கா, ஊருக்குப் போனதும் இந்தக் கடைசிப் பகுதியைக் கோயிலில் யாரிடமும் சொல்லக்கூடாது என்று என்னிடம் சத்தியம் வாங்கினார். கோயிலில் சொல்லமாட்டேன். எழுதுவதைப் பற்றி அவர் ஒன்றும் கேட்கவில்லை. நாளை காலை ஏழு மணிக்கு, பெய்ஜிங் நேரம், சாகாவுக்குப் பஸ்.